ஐடல், மிக்கு, விடியூபர்: என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

ஐந்தாறு வருடமாக ஜப்பானிய ஐடல் உலகத்தைப் பின்தொடர்ந்து வருகிறேன். வீட்டுக்கு வரும் சொந்தக்காரர்கள், அலுவலக நண்பர்கள், கல்லூரியில் படிக்கும் அத்தை மகள் என்று கேட்கிறவர்கள் மாறுகிறார்களே தவிர கேள்விகள் மாறுவதில்லை. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி வந்ததை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். கேள்விகளை அவர்கள் கேட்ட வாக்கியத்திலேயே போட்டிருக்கிறேன். முதலில் வருபவை எளியவை. போகப் போக எனக்கே பதில் சொல்லத் தயக்கமானவை வரும்.

ஐடல்னா பாடகியா, நடிகையா? ரெண்டும் இல்லன்னா அவங்க என்னதான் பண்றாங்க?

பாடுகிறார்கள், ஆடுகிறார்கள், நடிக்கிறார்கள், தொலைக்காட்சியில் பேசுகிறார்கள். ஆனால் இவற்றில் எதற்காகவும் மட்டும் அவர்களை யாரும் பின்தொடர்வதில்லை. பாடகியிடம் தேர்ந்த குரலை எதிர்பார்க்கிறோம். ஐடல் பதின்ம வயதில், இன்னும் சரியாகத் தேறாத நிலையிலேயே மேடையேறுகிறார். நம் கண் முன்னால் கொஞ்சம் கொஞ்சமாகத் தேறி வருகிறார். அந்த வளர்ச்சியைக் கூடவே இருந்து பார்ப்பதுதான் ரசிகருக்குக் கிடைப்பது. போன மாதம் தடுமாறிய அடவை இந்த மாதம் சரியாக ஆடிவிட்டால் அரங்கமே நெகிழ்ந்துபோகும்.

சொல் வந்த வழி சுவையானது. 1964ல் ஜப்பானில் ஒரு பிரெஞ்சுப் படம் திரையிடப்பட்டது. அதில் சில்வி வார்த்தான் என்ற இளம் பாடகி தோன்றிப் பாடினார். படத்தின் தலைப்பில் இருந்த ‘ஐடல்’ ஜப்பானியர் வாயில் ‘ஐடோரு’ ஆகி அங்கேயே தங்கிவிட்டது. 1971ல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் திறன் தேடல் நிகழ்ச்சி வழியாகப் பள்ளி மாணவிகள் வரிசையாக மேடைக்கு வந்தார்கள். அவர்களில் ஒருவர் யமகுச்சி மோமோஎ. 1973ல் 14 வயதில் அறிமுகமானார். 1980 அக்டோபர் 5 அன்று டோக்கியோவின் புடோகான் அரங்கில் கடைசிப் பாட்டைப் பாடி, வெள்ளை மைக்கை மேடைத் தரையில் வைத்துவிட்டு இறங்கினார். அப்போது வயது 21. திருமணம் செய்துகொண்டார், மேடைக்குத் திரும்பவே இல்லை. புடோகான் என்ற பெயரையும் அந்த மைக்கையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

ஏகேபி48ல நிஜமாவே 48 பேர் இருக்காங்களா?

ஏகேபி48 ஒரு பெண் ஐடல் குழு. 48 என்பது தலைக்கணக்கு இல்லை. உச்சத்தில் இருந்தபோது நூறு பேரைத் தாண்டியிருந்தார்கள். ‘ஏகேபி’ என்பது அகிஹபாராவின் செல்லப் பெயரான ‘அகிபா’விலிருந்து வந்தது. டோக்கியோவில் மின்னணுச் சாமான் கடைகளுக்கும் அனிமே (ஜப்பானியக் கார்ட்டூன்) கடைகளுக்கும் பேர்போன பகுதி அது. அங்கே டான் கிஹோதே என்ற பெருங்கடைக் கட்டடத்தின் எட்டாவது மாடியில் சுமார் 250 பேர் மட்டுமே கொள்ளும் சிறிய அரங்கம். மேடைக்கு முன்னால் பார்வையை மறைக்கிற மாதிரி இரண்டு தூண்கள். 2005 டிசம்பர் 8 அன்று முதல் நிகழ்ச்சி நடந்தபோது காசு கொடுத்து வந்தவர்கள் ஏழே பேர்.

குழுவை உருவாக்கிய அகிமோதோ யசுஷியின் எண்ணம், தொலைக்காட்சியில் மட்டுமே பார்க்க முடிந்த ஐடலை அனேகமாகத் தினமும் நேரில் போய்ப் பார்க்க வைப்பது. ‘போய்ச் சந்திக்கக்கூடிய ஐடல்’ என்றே விளம்பரம் செய்தார்கள். அந்த வாக்கியம்தான் பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் விதை, நல்லதுக்கும் கெட்டதுக்கும். 2011ல் ஜகார்த்தாவில் ஜேகேடி48, 2017ல் பாங்காக்கில் பிஎன்கே48 என்று கிளைகள் பரவின. டெல்லி, மும்பைக்கும் குழுக்கள் வரும் என்று 2019ல் அறிவித்தார்கள். அவை வேரூன்றவில்லை.

ஒரே சிடியை ஏன் அம்பது, நூறுன்னு வாங்கி அடுக்குறாங்க? பாட்டு ஒண்ணுதானே?

பாட்டு ஒன்றுதான். சிடிக்குள் இருக்கும் சீட்டுதான் வேறு. ஒரு வகைச் சீட்டு, கைகுலுக்கும் நிகழ்ச்சிக்கு. வரிசையில் நின்று, உங்களுக்குப் பிடித்தவரின் கையைப் பிடித்துச் சில நொடிகள் பேசலாம். நேரம் முடிந்ததும் பின்னால் நிற்கும் ஊழியர் தோளைத் தொட்டு நகர்த்திவிடுவார். அந்த வேலைக்கே ‘ஹகாஷி’, அதாவது ‘பிய்த்தெடுத்தல்’ என்று பெயர். இன்னும் பத்து நொடி வேண்டுமென்றால் இன்னொரு சிடி.

இன்னொரு வகை, வாக்குச் சீட்டு. ஏகேபி48ல் 2009 முதல் 2018 வரை வருடந்தோறும் ‘பொதுத் தேர்தல்’ நடத்தினார்கள். முதலிடம் பிடித்தவருக்கு அடுத்த பாட்டில் நடு இடம், அதாவது ‘சென்டர்’. 2009ல் முதலிடம் வந்த மாஎதா அட்சுகோ பெற்றது 4,630 வாக்குகள். 2017ல் சஷிஹாரா ரினோ பெற்றது 2,46,376. எட்டு வருடத்தில் ரசிகர்கள் ஐம்பது மடங்கு பெருகிவிடவில்லை. ஒவ்வொருவரும் வாங்கிய சிடி பெருகியது. சீட்டை எடுத்துக்கொண்டு சிடிகளைத் தூக்கிப் போட்டவர்களும் உண்டு. 2017ல் ஃபுகுவோகா பகுதியில் ஒருவர் நூற்றுக்கணக்கான சிடிகளை மலைக்காட்டில் கொட்டி வழக்கில் மாட்டினார். தேர்தல் இரவுகளின் பரபரப்பு எனக்குப் பிடித்திருந்தது, மறைக்கவில்லை. ஆனால் 16 வயதுப் பெண் ஒருத்தியின் மதிப்பை மேடையில் எண்ணாக வாசித்துக் காட்டுவது சரியான காரியம் இல்லை. அதை நிறுத்தியது நல்லதுதான்.

நெருக்கத்துக்கு வேறொரு விலையும் இருந்தது. 2014 மே மாதம் இவாதெ மாநிலத்தில் நடந்த கைகுலுக்கும் நிகழ்ச்சியில் ஒருவன் ரம்பத்தால் தாக்கியதில் இரண்டு உறுப்பினர்களும் ஒரு ஊழியரும் காயமடைந்தார்கள். அதன்பிறகு பைகளைச் சோதிப்பது கண்டிப்பானது. கொரோனா காலத்தில் கைகுலுக்கல் நின்றுபோய் காணொளி உரையாடலாக மாறியது.

ஐடலுக்குக் காதலிக்கக் கூடாதுன்னு சட்டமே இருக்காமே?

சட்டம் இல்லை. பல நிறுவனங்களின் ஒப்பந்தத்தில் அப்படி ஒரு விதி இருக்கும், அல்லது எழுதாத வழக்கமாக இருக்கும். ரசிகர் தன் நேரத்தையும் காசையும் கொடுப்பது ‘இவர் நம் எல்லோருக்கும் பொது’ என்ற நம்பிக்கையில், அது கலைந்தால் வியாபாரம் கலையும் என்பது அவர்கள் வாதம்.

நீதிமன்றங்கள் இதில் இரு விதமாகச் சொல்லியிருக்கின்றன. 2015ல் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம், விதியை மீறிய 17 வயதுப் பெண் நிறுவனத்துக்கு 6.5 லட்சம் யென் கொடுக்க வேண்டும் என்றது. அதே நீதிமன்றத்தில் 2016 ஜனவரியில் வந்த வேறொரு வழக்கில், ஏறத்தாழ 99 லட்சம் யென் கேட்ட நிறுவனத்தின் கோரிக்கை தள்ளுபடியானது. காதலிப்பது தன் வாழ்வைத் தானே தேர்ந்துகொள்ளும் உரிமையைச் சேர்ந்தது என்பது நீதிபதியின் பார்வை. நான் இரண்டாவது தீர்ப்பின் பக்கம். 2013ல் ஒரு வார இதழ்ச் செய்திக்குப் பிறகு ஏகேபி48ன் மினேகிஷி மினாமி தலையை மழித்துக்கொண்டு அழுது மன்னிப்புக் கேட்ட காணொளி வந்தது. அதைப் பார்த்த எந்த ரசிகரும் இந்த விதியை நியாயப்படுத்தக் கூடாது என்று நினைக்கிறேன்.

மேலே சொன்ன சஷிஹாரா ரினோவும் 2012ல் இதேபோன்ற செய்தியால் டோக்கியோவிலிருந்து ஃபுகுவோகா குழுவுக்கு மாற்றப்பட்டவர்தான். அடுத்த வருடமே தேர்தலில் முதலிடம் வந்தார். ரசிகர்கள் நிறுவனங்கள் நினைப்பதைவிடப் பெரிய மனசுக்காரர்கள்.

ஆம்பளைப் பசங்க இல்லையா இதுல?

நிறைய. பல பத்தாண்டுகள் அந்த உலகம் முழுக்க ஜானி கிடகாவாவின் நிறுவனத்தின் கையில் இருந்தது. தொலைக்காட்சி, விளம்பரம், நாடகம் எல்லாவற்றிலும் அவர்களுடைய குழுக்கள். அவற்றில் மிகப் புகழ்பெற்ற ஸ்மாப் 2016 கடைசி நாளில் கலைந்தபோது நாடே பேசியது.

இதைச் சொல்லும்போது இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். கிடகாவா தன்னிடம் பயிற்சிக்கு வந்த சிறுவர்களைப் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாக்கியதை 1999லேயே ஒரு வார இதழ் எழுதியது. 2003ல் டோக்கியோ உயர் நீதிமன்றம் அந்தச் செய்தியின் முக்கியப் பகுதி உண்மை என்று ஏற்றது. அப்படியும் பெரிய ஊடகங்கள் வாய் திறக்கவில்லை. அவர் 2019ல் இறந்தார். 2023ல் பிபிசி ஆவணப்படம் வந்து, பாதிக்கப்பட்டவர்கள் வெளிப்படையாகப் பேசிய பிறகே, அந்த செப்டம்பரில் நிறுவனம் உண்மையை ஒப்புக்கொண்டது, அடுத்த மாதம் பெயரையும் விட்டது. இந்த உலகத்தை நேசிக்கிற யாரும் இதைத் தாண்டிப் போய்விடக் கூடாது.

‘ஓஷி’, ‘ஓஷி’ன்னு சொல்றீங்களே, அப்படின்னா?

‘ஓசு’ என்றால் தள்ளுதல், முன்னால் நிறுத்துதல். நீங்கள் முன்னால் தள்ளிவிட ஆசைப்படும் ஆள் உங்கள் ‘ஓஷி’. ஒருவரை விட்டு இன்னொருவருக்கு மாறினால் ‘ஓஷிஹென்’. குழு முழுவதையும் பிடித்தால் ‘ஹாகோஓஷி’. ‘ஹாகோ’ என்றால் பெட்டி, பெட்டியோடு பிடிக்கும் என்று பொருள். நிஜமாகவே காதலில் விழுந்துவிட்டால் ‘கச்சிகோய்’. ஓஷிக்காகச் செய்யும் எல்லாமும், பயணம், பிறந்தநாள் கேக், பை நிறைய பேட்ஜ் குத்திக்கொள்வது வரை, ‘ஓஷிகட்சு’.

ஒவ்வொருவருக்கும் ஒரு நிறம் உண்டு. கச்சேரியில் ரசிகர்கள் தங்கள் ஓஷியின் நிறத்தில் கைவிளக்கை ஏற்றுவார்கள். மேடையில் இருப்பவர் இருட்டைப் பார்த்தே தனக்கு எத்தனை பேர் என்று தெரிந்துகொள்வார்.

இது நம்ம ரசிகர் மன்றம் மாதிரிதானே? பேர்தான் வேற?

பாதி சரி. பிறந்தநாள் கொண்டாட்டம், பூ அலங்காரம், முதல் நாள் கூட்டம், ஒருவருக்கொருவர் தெரியாதவர்கள் ஒரு பெயரால் சொந்தமாவது, எல்லாம் நமக்குப் பழகியவை. 1998ல் ‘முத்து’ டோக்கியோவில் ஓடு ஓடென்று ஓடியதும், இன்றும் ரஜினி படத்துக்கு ஜப்பானிய ரசிகர்கள் சென்னைக்கு விமானம் ஏறி வருவதும் அதனால்தான் எனக்கு ஆச்சரியமாக இல்லை.

வித்தியாசம் எங்கே என்றால், நம் நாயகன் ரசிகனைவிட உயரத்தில் இருக்கிறார். ரசிகன் அண்ணாந்து பார்க்கிறான். ஐடல் ரசிகர் கைகொடுத்துத் தூக்கிவிடுகிறார். ‘நான் இல்லாவிட்டால் இவர் கடைசி வரிசையிலேயே நின்றுவிடுவார்’ என்ற பொறுப்புணர்வு அதில் இருக்கிறது. சிறிய அரங்கங்களில் ஆடும் ‘சிகா ஐடல்’களின் நிகழ்ச்சிக்கு இருபது பேர்தான் வருவார்கள் என்றால், அந்த இருபதில் ஒருவர் வராமல் போனால் மேடையிலிருந்தே தெரிந்துவிடும்.

ஹாட்சுனே மிக்கு எந்த அனிமேல வர்ற பொண்ணு?

எந்த அனிமேவிலும் இல்லை. மிக்கு ஒரு மென்பொருள். சப்போரோ நகரத்தின் கிரிப்டன் ஃபியூச்சர் மீடியா நிறுவனம் 2007 ஆகஸ்ட் 31 அன்று விற்பனைக்கு விட்டது. அப்போது உள்ளே இருந்த இயந்திரம் யமஹாவின் வோக்கலாய்டு. ஃபுஜிதா சாகி என்ற குரல் நடிகை ஜப்பானிய அசைகளைப் பல சுருதிகளில் பேசிப் பதிவு செய்தார். அவற்றைத் துண்டு துண்டாக வெட்டி, நீங்கள் எழுதும் மெட்டுக்கும் வரிக்கும் ஏற்ப ஒட்டிப் பாட வைக்கிறது மென்பொருள். பெட்டியின் அட்டைக்காகக் கேஇ என்ற ஓவியர் வரைந்ததுதான் அந்தப் பச்சைநீல இரட்டைச் சடைப் பெண். வயது 16, உயரம் 158 செண்டிமீட்டர். கதை, குடும்பம், குணம் எதுவும் தரவில்லை. ‘ஹாட்சு’ முதல், ‘னே’ ஒலி, ‘மிக்கு’ எதிர்காலம்.

காலியாக விட்ட இடத்தை மக்கள் நிரப்பினார்கள். வெளியான சில நாட்களிலேயே யாரோ ஒருவர் ஃபின்லாந்து நாட்டுப்பாடல் ஒன்றை மிக்குவைப் பாடவைத்து, கையில் வெங்காயத்தாளைச் சுழற்றுவதுபோலப் படம் போட்டார். அன்றிலிருந்து வெங்காயத்தாள் அவளோடு ஒட்டிக்கொண்டது. எந்த விளம்பரக் குழுவும் யோசித்துச் செய்ததில்லை.

அப்போ அவ பாட்டையெல்லாம் எழுதுறது யாரு? காசு யாருக்குப் போகுது?

எழுதுகிறவர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். மாணவர்கள், அலுவலக ஊழியர்கள், தனி அறையில் கணினி முன்னால் உட்கார்ந்த யாராவது. பெயருக்குப் பின்னால் ‘பி’ என்று சேர்த்துக்கொள்வார்கள், தயாரிப்பாளர் என்பதன் சுருக்கம். பாட்டு எழுதியவருக்குச் சொந்தம். உருவமும் பெயரும் கிரிப்டனுக்குச் சொந்தம். லாப நோக்கமில்லாத ரசிகர் படைப்புகளுக்கு உருவத்தைப் பயன்படுத்தக் கிரிப்டன் வெளிப்படையாக அனுமதி கொடுத்தது. 2007 டிசம்பரிலேயே பியாப்ரோ என்ற தளத்தைத் திறந்து, ஒருவர் வரைந்ததை இன்னொருவர் நன்றி சொல்லி எடுத்துக்கொள்ள வழி செய்தது. என் பார்வையில் இந்த வரலாறு முழுவதிலும் மிகத் தாராளமான முடிவு இதுதான்.

ஒரு சம்பவம் சொல்கிறேன். ரியோ என்ற இசைக்காரர் அந்த டிசம்பரில் வெளியிட்ட பாட்டுக்கு, இணையத்தில் கிடைத்த ஒருவரின் ஓவியத்தைக் கேட்காமல் போட்டுவிட்டார். பிறகு ஓவியரிடம் மன்னிப்புக் கேட்டார். ஓவியர் கோபித்துக்கொள்ளவில்லை, சேர்ந்தே வேலை செய்தார்கள். சூப்பர்செல் என்ற குழு அப்படிப் பிறந்தது. இன்று ஜப்பானின் முன்னணிப் பாடகரான யோனேசு கென்ஷி ‘ஹாச்சி’ என்ற பெயரில் மிக்குவுக்குப் பாட்டு எழுதித் தொடங்கியவர். யோஅசோபி என்ற இசை இணையின் அயாசேயும் இந்தப் பள்ளியில் வளர்ந்தவர்தான்.

மேடையில வர்றது ஹோலோகிராம்தானே?

இல்லை. ஒளி ஊடுருவும் பெரிய திரையை மேடையில் நிறுத்திப் பின்னாலிருந்து படம் வீழ்த்துகிறார்கள். இருட்டில் திரை தெரியாது, மிக்கு மட்டும் தெரிவாள். பக்கத்தில் இசைக்கலைஞர்கள் நேரடியாக வாசிக்கிறார்கள். 2010 மார்ச் 9 அன்று டோக்கியோவில் நடந்த கச்சேரிதான் உலகம் முழுக்கப் பரவியது. தேதியைக் கவனியுங்கள்: ஜப்பானிய மொழியில் 3 ‘மி’, 9 ‘கு’. ‘சான் க்யூ’ என்றும் படிக்கலாம், நன்றி என்று ஆகிவிடும்.

திரை எவ்வளவு முக்கியம் என்பது 2024ல் அமெரிக்காவின் கோச்செல்லா இசை விழாவில் தெரிந்தது. அங்கே ஊடுருவும் திரைக்குப் பதில் சாதாரண எல்இடி திரையில் மிக்கு வந்தாள். ரசிகர்கள் ஏமாந்துபோனார்கள். பாட்டு அதே பாட்டு. ஆனால் ‘நம்மோடு இதே அறையில் நிற்கிறாள்’ என்ற உணர்வு வரவில்லை.

பொம்மைக்குப் போய் யாராச்சும் டிக்கெட் எடுப்பாங்களா?

என் பெரியம்மா கேட்ட கேள்வி இது. அதிகம் யோசித்த கேள்வியும் இதுதான். மேலே சொன்னதைச் சேர்த்துப் பாருங்கள்: குரல் ஒரு பெண்ணுடையது, உருவம் ஒரு ஓவியருடையது, பாட்டு முகம் தெரியாத யாரோ ஒருவருடையது, நடன அசைவு இன்னொருவருடையது. அரங்கில் பச்சைநீல விளக்கைத் தூக்கிப் பிடித்திருக்கும் கூட்டத்தில் அந்தப் பாட்டை எழுதியவரே நின்றுகொண்டிருக்கலாம். தன் அறையில் தனியாக எழுதிய வரியைப் பல்லாயிரம் பேர் சேர்ந்து பாடுவதை அவர் கேட்கிறார். டிக்கெட் எடுப்பவர்கள் போவது இதற்காக.

பெரியம்மா கோயில் உற்சவருக்கு ஊரே சேர்ந்து அலங்காரம் செய்வதைச் சொன்னார். முழுக்கப் பொருந்தாது என்றாலும், ‘பலர் கை சேர்ந்தது’ என்பதை அவர் பிடித்துக்கொண்டார்.

ஒருத்தர் மிக்குவைக் கல்யாணமே பண்ணிக்கிட்டாராமே, உண்மையா?

2018ல் டோக்கியோவில் ஒருவர் சடங்கு நடத்தினார். சட்டப்படி செல்லாது, அவரும் அப்படிச் சொல்லிக்கொள்ளவில்லை. யாருக்கும் தீங்கில்லாத ஒரு மனிதரின் ஆறுதல். அவரை வைத்து இந்த ரசிகர்கள் எல்லோரையும் அளக்க வேண்டாம், அவரைக் கேலி செய்யவும் வேண்டாம்.

மிக்குவும் ஒரு விடியூபர்தானே?

இல்லை, அனேகமாக நேரெதிர். விடியூபர் என்பவர் தன் முகத்துக்குப் பதில் வரைந்த உருவத்தோடு யூடியூபில் தோன்றுபவர். மிக்குவுக்குள் யாரும் இல்லை, வெளியே ஆயிரம் பேர் இருக்கிறார்கள். விடியூபருக்குள் ஒரே ஒரு ஆள் இருக்கிறார். அவர் பேசும்போது படம் பேசுகிறது, அவர் சிரிக்கும்போது படம் சிரிக்கிறது.

ஆள் இல்லாத ஐடலை உருவாக்க முன்பே முயன்றிருக்கிறார்கள். ஹோரிப்ரோ நிறுவனம் 1996ல் தாதே கியோகோ என்ற கணினிப் பெண்ணைப் பாட வைத்தது, பெரிதாக எடுபடவில்லை. 2011ல் எகுச்சி ஐமி என்ற புது ஏகேபி48 உறுப்பினர் ஐஸ் விளம்பரத்தில் வந்தார். பிறகுதான் ஆறு உறுப்பினர்களின் கண், மூக்கு, வாயைக் கணினியில் சேர்த்துச் செய்த முகம் என்று தெரிந்தது. முழுமையான அழகு இருந்தும் யாருக்கும் ஓஷியாகவில்லை. முதல் பதிலில் சொன்ன வளர்ச்சி அங்கே இல்லை. ‘விர்ச்சுவல் யூடியூபர்’ என்ற பெயரோடு 2016 இறுதியில் வந்த கிசுனா ஐயிடம் அது இருந்தது: தடுமாறினார், விளையாட்டில் தோற்றுக் கத்தினார், தானே சிரித்தார்.

அந்தப் படம் எப்படி அசையுது? ஒவ்வொண்ணா வரைவாங்களா?

ஒரே ஓவியத்தைத் தலைமுடி, இமை, வாய், தோள் என்று பல அடுக்குகளாகப் பிரிப்பார்கள். லைவ்2டி என்ற மென்பொருளில் ஒவ்வொன்றும் எப்படி வளைய வேண்டும் என்று கட்டுவார்கள். பிறகு கைபேசி கேமரா முகத்தைக் கவனித்து, நீங்கள் கண் சிமிட்டினால் படத்தைச் சிமிட்ட வைக்கும். கச்சேரிகளுக்கு முப்பரிமாண உருவம். உடல் முழுக்க உணரிகள் மாட்டிக்கொண்டு நிஜமாகவே ஆடுவார்கள், வியர்ப்பார்கள். உருவத்தை வரைந்த ஓவியரை விடியூபர்கள் ‘மாமா’ என்பார்கள். நம் மாமா இல்லை. ஜப்பானிய மொழியில் அம்மா. அசைவைக் கட்டியவர் ‘பாப்பா’, அதாவது அப்பா. அத்தை மகளுக்கு இதை விளக்க மட்டும் அரை மணி நேரமானது.

உள்ள இருக்கிற ஆளு யாருன்னு ஏன் சொல்ல மாட்டேங்குறாங்க? என்ன ரகசியம்?

‘நாகா நோ ஹிதோ’, உள்ளே இருப்பவர். ரசிகர்களில் பலருக்கு அவர் பெயர் தெரியும், சொல்லமாட்டார்கள். முதல் காரணம் பாதுகாப்பு. 2014ல் நடந்த ரம்பத் தாக்குதலை மேலே சொன்னேன். முகம் தெரியாததால்தான் பல பெண்கள் பயமின்றி மணிக்கணக்கில் பேச முடிகிறது. இரண்டாவது, தங்கள் நிஜ முகத்தை வைத்து எடைபோடாத ஒரு மேடை அவர்களுக்குக் கிடைத்திருக்கிறது. அதைப் பறிப்பது நாகரிகமில்லை.

அதற்காக உள்ளே யார் இருந்தாலும் ஒன்றுதான் என்று நினைத்துவிட வேண்டாம். 2019ல் கிசுனா ஐக்கு வேறு குரல்களையும் சேர்த்துப் பல ‘ஐ’க்களாகக் காட்டினார்கள். உருவம் மாறவே இல்லை. ரசிகர்கள் மனம் உடைந்து விலகினார்கள். அடுத்த வருடம் அசல் குரல் கசுகா நோசோமி என்ற நடிகையுடையது என்று நிறுவனமே அறிவித்தது. 2022 பிப்ரவரியில் ஓய்வுக்குப் போன கிசுனா ஐ மூன்று வருடம் கழித்துத் திரும்பினார்.

சூப்பர் சாட்ல கொட்டுற காசெல்லாம் அவங்களுக்கே போயிடுதா?

சூப்பர் சாட் என்பது நேரலையின்போது ரசிகர்கள் காசோடு அனுப்பும் செய்தி. அது முழுதாகப் போகாது. யூடியூப் 30 விழுக்காடு எடுத்துக்கொள்ளும். மீதியில் நிறுவனத்தின் பங்கு போகும். அது ஒப்பந்தத்தைப் பொறுத்தது. தனியாக நடத்துகிறவர்களுக்கு நிறுவனப் பங்கு கிடையாது, ஆனால் ஓவியம், லைவ்2டி செலவெல்லாம் தங்கள் கையிலிருந்து. என்னிடம் கேட்கும் கல்லூரிப் பிள்ளைகளுக்கு ஒன்றே சொல்வேன்: விடியூபர் உங்கள் பெயரைப் படிக்கக் கேட்கும் ஆசையில் அனுப்பாதீர்கள். கேட்டு மகிழ்ந்ததற்கு, மாதக் கடைசியில் மிஞ்சியதிலிருந்து அனுப்புங்கள். சிடி அடுக்கிய கதை இங்கே வேறு உருவத்தில் திரும்ப வரக் கூடாது.

இந்தியாவுல இந்த மாதிரி யாரும் வரலையா?

நிஜிசான்ஜி என்ற விடியூபர் நிறுவனம் 2020ல் இந்தியாவுக்கென்றே ஒரு கிளை தொடங்கியது. விஹான், ஆத்யா, நூர் என்று மூன்று பேர். 2021ல் மூடிவிட்டார்கள். இப்போது தனியாக நடத்துகிறவர்கள் இருக்கிறார்கள்.

விடியூபரைத் திட்டினா ஒரு படத்தைத்தானே திட்டுறோம், அதுல என்ன தப்பு?

இந்தக் கேள்விக்கு நீதிமன்றமே பதில் சொல்லியிருக்கிறது. 2022ல் ஒசாகா மாவட்ட நீதிமன்றத்துக்கு ஒரு விடியூபரை இழிவாக எழுதியவரின் விவரத்தைக் கேட்டு வழக்கு வந்தது. படம் போர்த்தியிருந்தாலும், பேச்சும் குணமும் உள்ளே இருப்பவருடைய சொந்த வாழ்விலிருந்து வருகிறது. ஆகவே அவமானம் அவருக்குத்தான் என்றது நீதிமன்றம். விவரத்தைக் கொடுக்கவும் உத்தரவிட்டது. இரவு இரண்டு மணிக்கு நேரலையை முடித்துவிட்டுக் கணினியை அணைக்கும்போது, அந்த வசவைப் படிக்கும் கண் படத்தினுடையது இல்லை.

என்ன இருந்தாலும் நிஜ ஐடல் அளவுக்கு இவங்க வர முடியுமா?

ஹோஷிமாச்சி சுய்செய் என்ற விடியூபர் 2018ல் எந்த நிறுவனமும் இல்லாமல், உருவத்தையும் தானே வரைந்து தொடங்கினார். மிகக் குறைவான பேர்தான் பார்த்தார்கள். அடுத்த வருட இறுதியில் ஹோலோலைவ் என்ற விடியூபர் குழுவில் சேர்ந்தார். புடோகானில் தனியாகப் பாட வேண்டும் என்பது அவர் வெளிப்படையாகச் சொல்லிவந்த கனவு. 2025 பிப்ரவரி 1 அன்று பாடினார். யமகுச்சி மோமோஎ மைக்கை வைத்துவிட்டுப் போன அதே அரங்கம், 44 வருடம் கழித்து. நான் வீட்டில் கைபேசியில் பார்த்தேன், அழுதேன்.

‘பட்டம் வாங்கிட்டாங்க’ன்னு சொல்லி ஏன் எல்லாரும் அழுறாங்க? சந்தோஷமான விஷயம்தானே?

ஐடல் விலகுவதை ‘சோட்சுக்யோ’ என்பார்கள். பள்ளிப் படிப்பை முடித்து வெளியேறுதல் என்று பொருள். தோல்வி என்றோ வேலைநீக்கம் என்றோ சொல்லாமல், அடுத்த வகுப்புக்குப் போகிறார் என்று அனுப்பிவைக்கும் அழகான சொல். மனித ஐடல் விலகினாலும் அவர் முகம் அவரிடம் இருக்கும். சஷிஹாரா போல வேறு மேடையில் பார்க்கலாம்.

நிறுவனத்தில் இருக்கும் விடியூபரின் உருவம் அந்த நிறுவனத்துக்குச் சொந்தம். பெரும்பாலும் விலகும் நாளோடு அந்த முகம், அந்தப் பெயர், அந்தச் சிரிப்பு முடிந்துபோகும். 2021 ஜூலை 1 அன்று கிரியு கோகோவின் கடைசி நேரலையை ஏறத்தாழ 5 லட்சம் பேர் ஒரே சமயத்தில் பார்த்தார்கள். 2025 மே மாதம் காவ்ர் குராவும் விடைபெற்றார். அவர் ஆங்கிலம் பேசும் சுறாப் பெண். உலகெங்கும் 40 லட்சம் பேருக்கு மேல் அவரைப் பின்தொடர்ந்தார்கள். உயிரோடு இருக்கிற ஒருவருக்காக அழுகிறோம், அதனால் வெளியில் உள்ளவர்களுக்கு விளங்குவதில்லை.

விலகிப் போனவங்க வேற பேர்ல, வேற உருவத்துல வந்தா? குரலை வெச்சே தெரியுமே! போய் ‘நீங்கதானே அது’ன்னு கேக்கலாமா?

இதற்கு ‘தென்செய்’, மறுபிறவி என்று பெயர். கேட்க வேண்டாம். ஒப்பந்தப்படி பழைய பெயரை அவர் வாயால் சொல்ல முடியாது; நீங்கள் கேட்டால் அவருக்குத்தான் சிக்கல். மேலும் அவர் புது உருவத்தில் பூஜ்யத்திலிருந்து தொடங்கியிருக்கிறார், அந்த முதல் நாளை அவரிடமிருந்து எடுத்துக்கொள்வது போலாகும்.

குரல் தெரிந்தவர்கள் செய்யும் ஒரு வழக்கம் இருக்கிறது. புது நேரலைக்குப் போய், அரட்டையில் ‘ஹஜிமேமஷிதே’ என்று எழுதுவார்கள். முதல்முறையாகச் சந்திக்கிறோம் என்று பொருள். நானும் ஒருமுறை எழுதினேன். நான்கு வருடம் கேட்ட குரல் அது. அவர் அதை வாசித்து, ஒரு நொடி நிறுத்தி, ‘ஹஜிமேமஷிதே’ என்று திருப்பிச் சொன்னார்.